கூகைப் பெட்டிக்குள் ஒரு கேமரா

பேராக்கின் செம்பனைத் தோட்டங்களைக் கடந்து போகிறவர்கள், மர வரிசைகளுக்கு நடுவே ஒரு கம்பமும் அதன் உச்சியில் ஒரு பலகைப் பெட்டியும் நிற்பதைப் பார்த்திருப்பார்கள். முகப்பில் சின்னதாக ஒரு வாசல் இருக்கும். பகலெல்லாம் அதில் அசைவே இருக்காது. புறாக்கூண்டு என்றும் தேனீப் பெட்டி என்றும் நினைத்துக்கொண்டு போகிறவர்கள் உண்டு. அது கூகைக்குக் கட்டிய வீடு.

வெள்ளை நெஞ்சும், இதய வடிவில் தட்டையான முகமும், கறுத்த கண்ணும் கொண்ட ஆந்தை அது. ஊர்ப்பக்கம் சாக்குருவி என்பார்கள். இரவில் மட்டும் நடமாடும். பறப்பது காதில் விழாது. கத்தினால் யாரோ தொண்டை கிழிய அலறுவது போலிருக்கும். நான் வளர்ந்த லயத்தில் அந்தக் குரல் கேட்டால் கதவைச் சாத்துவார்கள். மறுநாள் யாருக்காவது காய்ச்சல் என்றால் பழி கூகை தலையில் விழும். என் பாட்டியும் அப்படித்தான் நம்பினார். அவரைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை. இருட்டில் நடப்பதைப் பார்க்க அவரிடம் மண்ணெண்ணெய் விளக்கு மட்டும்தான் இருந்தது. இன்று நம்மிடம் வேறொரு கண் இருக்கிறது. விரல் அளவு லென்ஸும் நம் கண்ணுக்குத் தெரியாத ஒரு விளக்கும் சேர்ந்தால், அந்தப் பெட்டிக்குள் ஓர் இரவு முழுவதும் நடப்பதைப் பத்து நிமிடப் படமாக வீட்டில் உட்கார்ந்து பார்க்கலாம். அப்படிப்பட்ட படங்கள் நமக்கு என்ன சொல்லித் தந்தன என்பதுதான் இந்த அத்தியாயம்.

பறவையை நேரில் பார்ப்பது ஒன்று, படத்தில் பார்ப்பது வேறொன்று. நேரில் பார்த்தது ஒருமுறைதான் நடக்கும். அதன் பிறகு பார்த்தவரின் நினைவை மட்டும் நம்ப வேண்டும். படத்தைத் திரும்ப ஓட்டலாம், நிறுத்தலாம், நம்பாதவரைக் கூப்பிட்டு உட்கார வைத்துக் காட்டலாம். இந்தப் பலத்தைத் தெளிவாக நிரூபித்தது இங்கிலாந்தில் எடுத்த ஒரு குயில் படம். அந்த நாட்டுக் குயிலும் நம் குயிலைப் போல அடுத்தவர் கூட்டில் முட்டையிடுவது. ஆனால் அது தரையில் முட்டையிட்டு, அலகில் கவ்விக்கொண்டுபோய்ப் பிற பறவையின் கூட்டில் வைக்கிறது என்று படித்தவர்களே பலர் எழுதி வந்தார்கள். எட்கர் சான்ஸ் என்பவருக்கு அதில் நம்பிக்கையில்லை. வூஸ்டர்ஷயர் பகுதியின் ஒரு பொட்டலில் ஆண்டுக்கணக்கில் ஒரே குயிலைப் பின்தொடர்ந்தார். ஆலிவர் பைக் என்ற ஒளிப்பதிவாளரை அழைத்துவந்து, கூட்டருகே மறைவிடம் அமைத்து, 1921இல் அதைப் படம் பிடித்தார்கள். குயில் நேராகக் கூட்டின் மேல் அமர்ந்து, சில வினாடிகளில் முட்டையிட்டுவிட்டுப் பறந்துபோனது. மறு ஆண்டு அந்தப் படம் திரையரங்குகளுக்கு வந்தது. முட்டையை விழுங்கி வைத்திருந்து கூட்டில் கக்கியிருக்கும் என்று சிலர் அப்போதும் வாதாடினார்கள். ஆனால் வாதத்துக்கு இனிமேல் எல்லாரும் பார்க்கக்கூடிய சான்று ஒன்று வந்துவிட்டது.

அதற்கடுத்து 1934இல் ஜூலியன் ஹக்ஸ்லி வேல்ஸ் கரையோரத் தீவொன்றில் கேனட் என்னும் கடற்பறவைகளை வைத்து ஒரு குறும்படம் எடுத்தார். சுமார் பத்து நிமிடம் ஓடும் அந்தப் படம் பின்னர் ஆஸ்கர் விருதும் பெற்றது. இவை எல்லாம் வெயிலில் எடுத்த படங்கள். கூகையைப் படமெடுக்க வேண்டுமென்றால் இருட்டுக்கு ஒரு வழி கண்டாக வேண்டும்.

அந்த வழியை முதலில் எடுத்தவர்களில் ஒருவர் ரோஜர் பெய்ன். திமிங்கிலங்கள் பாடுகின்றன என்று உலகுக்குச் சொன்னவர் என்றுதான் பலருக்கு அவரைத் தெரியும். திமிங்கிலத்துக்கு முன்னால், 1950களின் இறுதியில், அமெரிக்காவில் மாணவராக இருந்தபோது அவர் கூகையிடம்தான் பாடம் படித்தார். ஓர் அறையை ஒரு துளி வெளிச்சமும் நுழையாதபடி அடைத்தார். தரையில் காய்ந்த இலைகளைப் பரப்பினார். உள்ளே ஒரு கூகையை விட்டு, பிறகு ஒரு சுண்டெலியை விட்டார். எலி இலை மேல் நடந்தது. கூகை உயரத்திலிருந்து கிளம்பி வந்து அதைப் பிடித்தது. கண்ணால் பிடிக்கவில்லை, இருட்டு முழு இருட்டு. மூக்கால் பிடித்ததா, எலியின் உடற்சூட்டை உணர்ந்ததா? எலிக்குப் பதிலாக ஒரு காகித உருண்டையை நூலில் கட்டி இலை மேல் இழுத்தார். மணமும் சூடும் இல்லாத காகிதத்தின் மேலும் கூகை சரியாகப் பாய்ந்தது. காதுதான் வழி என்பது முடிவானது. கூகையின் ஒரு காதை அடைத்தபோது குறி தவறியது.

இதில் படத்தின் பங்கு பெரியது. நம் கண்ணுக்கோ கூகையின் கண்ணுக்கோ தெரியாத அகச்சிவப்பு ஒளியில் பெய்ன் அந்தப் பாய்ச்சலைப் பதிவு செய்தார். வெளிச்சத்தில் கூகை சிறகை விரித்துச் சறுக்கி வந்து பிடிக்கும். இருட்டில் அப்படி வருவதில்லை. மெதுவாகச் சிறகடித்து, கால்களைத் தொங்கவிட்டு முன்னும் பின்னும் ஆட்டிக்கொண்டு வருகிறது. வழியில் எது குறுக்கிட்டாலும் முதலில் கால்தான் தொட வேண்டும் என்ற எச்சரிக்கை அது. எலியை நெருங்கும்வரை முகம் எலியின் ஓசையை நேர்கோட்டில் பார்த்தபடியே இருக்கும். கடைசி நொடியில் தலையைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டு, முகம் போய்க்கொண்டிருந்த அதே கோட்டில் கால்களை நீட்டுகிறது. அதாவது காதால் குறிபார்க்கிறது, அந்தக் குறியைக் காலுக்கு மாற்றிக் கொடுக்கிறது. எலி எந்தப் பக்கம் நடந்துகொண்டிருக்கிறதோ அதற்கேற்ப நகங்களைத் திருப்பிப் பிடிப்பதும் தெரிந்தது. பக்கவாட்டிலும் உயரவாட்டிலும் அதன் குறி ஒரு பாகைக்கும் குறைவாகவே பிசகுகிறது என்று 1971இல் வெளியான அவருடைய கட்டுரை சொல்கிறது. இவ்வளவும் மிக வேகமாக நடந்து முடிவது. படம் இல்லாமல் எந்தக் கண்ணும் இதைப் பிரித்துப் பார்த்திருக்க முடியாது.

இந்தத் திறமைக்குக் காரணம் கூகையின் தலையிலேயே இருக்கிறது. அதன் இரண்டு காதுத் துளைகளும் ஒரே உயரத்தில் இல்லை. இடது காது சற்று மேலே அமைந்து கீழ்நோக்கித் திறக்கிறது. வலது காது சற்றுக் கீழே அமைந்து மேல்நோக்கித் திறக்கிறது. தரையிலிருந்து வரும் ஓசை இடது காதில் கொஞ்சம் கூடுதலாகக் கேட்கும். மேலிருந்து வருவது வலது காதில் கூடும். எனவே இரண்டு காதுகளிலும் ஓசையின் அளவு எவ்வளவு வேறுபடுகிறது என்பதிலிருந்து உயரம் தெரிகிறது. இடம் வலம் தெரிவது வேறு கணக்கு: இடப்பக்கத்து ஓசை இடது காதை முதலில் எட்டும், வலது காதைச் சற்றுத் தாமதமாக எட்டும். அந்தத் தாமதம் ஒரு வினாடியின் லட்சத்தில் ஒரு பங்காக இருந்தால்கூடக் கூகைக்குப் புரிகிறது. அந்த இதய வடிவ முகம் அழகுக்காக அமைந்ததல்ல. விறைப்பான இறகுகள் ஓசையைச் சேர்த்துக் காதுக்கு அனுப்பும் கிண்ணம் அது. கலிபோர்னியாவில் மசகாசு கொனிஷியும் எரிக் நுட்சனும் கூகையின் நடுமூளையை ஆராய்ந்து, வெளியே ஓசை வரும் திசைகள் ஒவ்வொன்றுக்கும் அங்கே ஒரு நரம்பணு ஒதுக்கப்பட்டு, வரிசை பிசகாமல் ஒரு வரைபடமாக அமைந்திருப்பதை 1978இல் அறிவித்தார்கள். கண் பார்ப்பதை மூளை வரைபடமாக்குவது முன்பே தெரிந்திருந்தது. காது கேட்பதை வைத்து மூளை தானே கணக்குப் போட்டு ஒரு வரைபடம் தயாரிக்கிறது என்பது மூளை ஆய்வுக்கே புதிய வாசல்.

இந்தக் கூகை நம் ஊருக்கு வந்த கதைக்கு இனி வருவோம். சிலிபின், ஜெலாப்பாங், புந்தோங், மெங்லெம்பு என்று ஈப்போவின் சுற்றுவட்டாரத்தில் வாழும் தமிழ்க் குடும்பங்களில் பலவற்றுக்கு ஏதோ ஒரு தலைமுறையில் பால்மரத் (ரப்பர்) தோட்டத்தோடு தொடர்பு உண்டு. அந்தப் பால்மரக் காலத்தில் தீபகற்ப மலேசியாவில் கூகை மிக அரிது. அங்கே கூடு வைத்ததாக முதல் பதிவே 1960களின் கடைசியில்தான், அதுவும் ஜொகூரில் ஒரு செம்பனைத் தோட்டத்தில். அடுத்த இருபது ஆண்டுக்குள் தீபகற்பம் முழுக்கப் பரவிவிட்டது.

ஏன் அப்படி? பால்மரத்தில் எலிக்குப் பெரிய விருந்து எதுவும் இல்லை. செம்பனை வந்ததும் நிலைமை மாறியது. 1917இல் கோலசிலாங்கூரின் தென்னமரம் தோட்டத்தில் வணிக அளவில் தொடங்கிய செம்பனை, 1960களுக்குப் பிறகு பால்மரங்களை வெட்டிச் சாய்த்த நிலங்களில் வேகமாக ஏறியது. ஆண்டு முழுக்கக் குலை, ஆண்டு முழுக்க எண்ணெய்ப் பழம். அடுக்கி வைத்த காய்ந்த மட்டைகளுக்கு அடியில் ஒளிவிடம். எலிக்கு வேறென்ன வேண்டும்? 1981இல் மகரந்தச் சேர்க்கைக்காகக் கேமரூனிலிருந்து ஒரு சிறு வண்டைக் கொண்டுவந்து விட்டார்கள், விளைச்சல் ஏறியது. அந்த வண்டின் புழுக்கள் ஆண் பூங்கொத்தில் வளர்கின்றன. அந்தப் புழுக்களைத் தின்னவும் எலி கற்றுக்கொண்டது. செம்பனைத் தோட்டத்தில் ஒரு ஹெக்டேருக்கு 200 முதல் 600 எலிவரை இருந்ததாக ஆய்வாளர்கள் கணக்கிட்டிருக்கிறார்கள். கூகைக்குத் தீனி மலையாகக் குவிந்தது. ஆனால் அது கூடு கட்டத் தெரியாத பறவை. மரப்பொந்தோ, கட்டடத்தின் இடுக்கோ கிடைத்தால்தான் முட்டையிடும். வரிசை வரிசையாக நட்ட செம்பனையில் பொந்து ஏது? அதனால்தான் பெட்டி வந்தது. ஐந்து முதல் பத்து ஹெக்டேருக்கு ஒரு பெட்டி என்ற கணக்கில் தோட்டங்கள் அவற்றை நடத் தொடங்கின.

கிரஹாம் லெண்டன் என்ற ஆய்வாளர் 1970களின் கடைசியில் இந்தக் கூகைகளை ஆராய்ந்தார். அவருக்குச் சான்று கூகை கக்கிய உருண்டைகள். எலியை அப்படியே விழுங்கும் கூகை, செரிக்காத மயிரையும் எலும்பையும் உருட்டி வாய்வழியே வெளியே தள்ளிவிடும். உருண்டையைப் பிரித்தால் மண்டையோடும் தாடையும் முழுசாகக் கிடைக்கும், எண்ணிவிடலாம். தின்றதில் 98 விழுக்காட்டுக்கும் மேல் எலிதான் என்றும், ஓர் இணையும் அதன் குஞ்சுகளும் சேர்ந்து ஆண்டுக்கு ஏறத்தாழ 1,300 எலிகளைத் தீர்க்கின்றன என்றும் அவர் கணித்தார். தமிழ்நாட்டில் மயிலாடுதுறை அருகே மன்னம்பந்தல் ஏ.வி.சி. கல்லூரி ஆய்வாளர்களும் காவிரிப் படுகை வயல்களில் இப்படியே உருண்டைகளைப் பிரித்துப் பார்த்தார்கள். அங்கேயும் பெரும்பங்கு எலியும் பெருச்சாளியும்தான். நற்றிணையில் ஒரு தோழி ஊர்வாயில் மரத்துக் கூகையிடம், இரவில் கத்தாமல் இருந்தால் நெய்ச்சோறும் எலிச்சூடும் தருவோம் என்று கெஞ்சுகிறாள். கூகைக்கு எது பிடிக்கும் என்பது அந்தப் புலவருக்குத் தெரிந்திருந்தது. எலி தின்னும் இந்தப் பறவை பிற்காலத்தில் சாவைக் கொண்டுவரும் பறவையாக மட்டும் நம் நினைவில் தங்கிவிட்டது.

இனிப் பெட்டிக்குள் போகலாம். உலகின் பல இடங்களில் கூகைப் பெட்டிக்குள் எடுத்த படங்களில் திரும்பத் திரும்பத் தெரிவதை இங்கே ஓர் இரவாகச் சேர்த்துச் சொல்கிறேன்.

படம் கறுப்பு வெள்ளையில் இருக்கும்; அகச்சிவப்பு ஒளிக்கு நிறம் கிடையாது. தரையில் கக்கிய உருண்டைகள் மிதிபட்டுப் பொடியாகி மெத்தை போல் கிடக்கின்றன. மெத்தைக்குத் தனியாக எதுவும் கொண்டுவருவதில்லை. அதன் மேல் ஐந்தாறு குஞ்சுகள். முதலில் கண்ணில் படுவது, எதுவும் எதற்கும் சமமில்லை என்பது. ஒன்றுக்குச் சிறகு முளைத்துவிட்டது; கடைசிக் குஞ்சு இன்னும் பஞ்சுருண்டை. தாய் இரண்டு மூன்று நாள் இடைவெளியில் முட்டையிடுகிறது, ஆனால் முதல் முட்டையிலிருந்தே அடைகாக்கத் தொடங்கிவிடுகிறது. ஏறத்தாழ ஒரு மாதம் கழித்து அதே இடைவெளியில் பொரிகின்றன. மூத்ததுக்கும் கடைக்குட்டிக்கும் இரண்டு வாரம்கூட வித்தியாசம் இருக்கும். எலி மலிந்த ஆண்டில் எல்லாம் பிழைக்கும். எலி குறைந்தால் கடைசிக் குஞ்சு சாகும். சில நேரம் மற்றவை அதைத் தின்றும்விடும். படத்தைத் தொகுப்பவர்கள் பலர் இந்தப் பகுதியை வெட்டிவிடுகிறார்கள். வெட்டக் கூடாது. அந்த ஆண்டு எலி எவ்வளவு இருந்தது என்பதற்கு அதைவிட நேரான சான்று படத்தில் வேறில்லை.

மணி ஏழரை தாண்டியதும் குஞ்சுகள் கத்தத் தொடங்கும். குறட்டை போல் நீண்ட சீறல். ஆளில்லாத வீட்டின் மேற்கூரையிலிருந்து இந்தச் சத்தம் வந்தால் பேய் என்று ஊர் ஓடியதில் ஆச்சரியமில்லை. அப்பன் பறவை வாசலில் வந்து நிற்கும், அலகில் எலி. சிறு குஞ்சுகளுக்குத் தாய் எலியைக் கிழித்து ஊட்டுகிறது. இரண்டு மூன்று வாரம் ஆன குஞ்சு தலைப்பக்கமாக முழுசாக விழுங்கிவிடும். வால் மட்டும் கொஞ்ச நேரம் வெளியே தொங்கிக்கொண்டிருக்கும். பிறகு அதுவும் உள்ளே போகும்.

வியப்பான காட்சி எலி வரும்போது நடப்பதில்லை; அப்பன் இல்லாத நேரத்தில் நடப்பது. சுவிட்சர்லாந்தின் லொசான் பல்கலைக்கழகத்தில் அலெக்சாந்தர் ரூலின் இதைத்தான் பல ஆண்டு ஆராய்ந்தார். பெட்டிக்குள் இரவெல்லாம் பதிவுக் கருவி ஓட விட்டார். பெற்றோர் வேட்டைக்குப் போயிருக்கும்போது குஞ்சுகள் ஒன்றை ஒன்று பார்த்து நூற்றுக்கணக்கான முறை குரல் கொடுத்துக்கொண்டிருந்தன. வீட்டில் யாருமில்லை, பின் யாரிடம் கேட்கின்றன? உடன்பிறந்தவற்றிடம்தான். அதிகம் பசித்த குஞ்சு நீளமாகவும் அடிக்கடியும் கத்துகிறது. பசி குறைவாக உள்ளது குரலைத் தாழ்த்திக்கொள்கிறது. அடுத்த எலி யாருக்கு என்பது அப்பன் திரும்பும் முன்பே ஏறக்குறைய முடிவாகிவிடுகிறது. எலி வந்ததும் குரலைத் தாழ்த்தியது ஒதுங்கி நிற்கிறது. அடித்துக்கொண்டு காயம் பட்டுக்கொள்வதைவிடக் குரலால் பேரம் முடிப்பது எல்லாவற்றுக்கும் லாபம். மூத்த குஞ்சு தன் பங்கைச் சில நேரம் இளையதற்குக் கொடுத்ததையும் அந்தப் படங்கள் பதிவு செய்திருக்கின்றன. குஞ்சுப் பறவைகள் தமக்குள் பங்கிட்டுக்கொள்வதை உருண்டைகளைப் பிரித்து யாரும் கண்டுபிடித்திருக்க முடியாது. அதனால்தான் இந்தப் படங்களின் மேல் பின்னணி இசையைப் போட்டு மூடுகிறவர்கள் மேல் எனக்குக் கோபம் வருகிறது. சத்தம்தான் இங்கே செய்தி.

கூகையின் வெண்மைக்கும் ரூலின் குழு ஒரு பொருள் கண்டது. முழுநிலா நாளில் வெள்ளை நெஞ்சுள்ள கூகை மேலே வந்தால், நிலவொளி அதில் பட்டுப் பளிச்சிடுகிறது. கீழே உள்ள எலி திகைத்து அப்படியே உறைந்து நிற்கிறது என்று 2019இல் அவர்கள் எழுதினார்கள். ஐரோப்பியக் கூகைகளிடமும் அங்குள்ள வயலெலிகளிடமும் செய்த ஆய்வு அது. நம் ஊர்க் கூகை வேறு இனம் என்றாலும் நெஞ்சு வெள்ளைதான். நிலவில் திடீரென்று தெரியும் அந்த வெள்ளை உருவத்தைப் பார்த்து மனிதர்களும் பயந்தார்கள்.

இவ்வளவு சொன்ன பிறகு ஒரு கேள்வியைக் கேட்டே ஆக வேண்டும். கூகை 1,300 எலி தின்றால் தோட்டத்தில் எலி குறைந்துவிடுமா? படத்தில் எலி மேல் எலியாக வருவதைப் பார்த்ததும் ஆம் என்று சொல்லத் தோன்றும். கணக்குப் போட்டுப் பாருங்கள். பத்து ஹெக்டேரில் ஹெக்டேருக்கு 300 என்றால் 3,000 எலி. அவை சும்மா இருப்பதில்லை, ஆண்டு முழுக்கக் குட்டி போடுகின்றன. பெருகிவிட்ட எலிப்படையை ஒரு கூகைக் குடும்பம் தனியே அழித்துவிடும் என்று எதிர்பார்ப்பது நியாயமல்ல. வேறு வழிகளில் எலியை ஒருமுறை குறைத்துவிட்டு, அது மீண்டும் பெருகாமல் பார்த்துக்கொள்ளும் வேலையைக் கூகையிடம் விடலாம். அதைக் கூகை நன்றாகச் செய்யும். பெட்டிக்குள் எடுத்த படம் கூகை என்ன தின்கிறது என்பதைக் காட்டும். வெளியே எவ்வளவு எலி மிஞ்சியிருக்கிறது என்பதைக் காட்டாது. இந்த வரம்பு தெரிந்து படத்தைப் பார்க்க வேண்டும்.

எலியைக் குறைக்க எதை இடுகிறோம் என்பதில்தான் கூகையின் உயிர் இருக்கிறது. பழைய எலி மருந்தான வார்ஃபரின் இரத்தம் உறைவதைத் தடுக்கும். எலி பலமுறை தின்றால்தான் சாகும். உடலில் அதிக நாள் தங்காது. எலிகள் அதற்குப் பழகிப்போனதும் புரோடிஃபாகம், புரோமாடியோலோன் போன்ற இரண்டாம் தலைமுறை மருந்துகள் வந்தன. இவை ஈரலில் நெடுநாள் தங்கும். மருந்து தின்ற எலி உடனே சாவதில்லை. சில நாள் தள்ளாடிக்கொண்டு வெட்டவெளியில் திரியும். கூகைக்கு அதைவிட எளிதான இரை கிடையாது. அந்த எலி பெட்டிக்குள் வந்து குஞ்சின் வாய்க்குள் போகிறது. வார்ஃபரினை நிறுத்திப் புரோடிஃபாகம் இட்ட தோட்டத்தில் கூகை இணைகள் சரிந்ததை டக்கெட் என்பவர் 1980களிலேயே எழுதினார். நம் மாநிலத்திலேயே, செபராங் பேராக் ஃபெல்க்ரா தோட்டத்தில், மலேசிய ஆய்வாளர்கள் பெட்டி பெட்டியாக முட்டைகளையும் குஞ்சுகளையும் எண்ணிப் பார்த்தார்கள். மருந்து இட்ட பகுதிகளில், இடாத பகுதிகளைவிடக் குறைவான குஞ்சுகளே பறக்கும் வயதை எட்டின என்று 2014இல் வெளியிட்டார்கள். பினாங்கில் மலேசிய அறிவியல் பல்கலைக்கழகக் குழு கூகைகளைக் கொண்டு, தோட்டத்துக்கு வெளியே நகரத்து எலிகளைக் கட்டுப்படுத்தவும் முயன்றிருக்கிறது. ஈப்போ போன்ற ஊருக்கு அது கவனித்துப் பின்பற்றத் தக்க முயற்சி.

உங்களுக்கோ உறவினருக்கோ பெட்டி உள்ள தோட்டத்தில் அனுமதி கிடைத்து, நீங்களே ஒரு சிறு படம் எடுக்க நினைத்தால் சில விஷயங்களை மனத்தில் வையுங்கள். கூகை மலேசியாவின் 2010ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ் பாதுகாக்கப்பட்ட பறவை. கேமராவைப் பெட்டி காலியாக இருக்கும்போது பொருத்திவிட வேண்டும். முட்டை இருக்கும்போது ஏணி வைத்து எட்டிப் பார்த்தால் தாய் கூட்டை விட்டே போய்விடக்கூடும். சாதாரண டார்ச்சோ பளீர் விளக்கோ வேண்டாம். அகச்சிவப்பு விளக்கிலும் கொஞ்சமும் சிவந்து தெரியாத வகையை வாங்குங்கள். நல்ல மைக் ஒன்றைக் கட்டாயம் சேருங்கள். படத்தின் ஓரத்தில் மணி ஓடட்டும். எத்தனை மணிக்கு எத்தனை எலி வந்தது என்று பின்னால் எண்ண அது வேண்டும். கம்பத்தின் அடியில் விழுந்து கிடக்கும் உருண்டைகளையும் தேதி போட்டு எடுத்து வையுங்கள்; படத்தையும் உருண்டையையும் சேர்த்துப் பார்த்தால்தான் கணக்கு நிறைவு பெறும். படத்தை வெளியிடும்போது தோட்டத்தின் பெயரையும் பெட்டி இருக்கும் இடத்தையும் சொல்லாதீர்கள். கூகையைப் பிடித்து விற்கிறவர்களும் படம் பார்க்கிறார்கள்.

படம் எடுக்க வசதியில்லாதவர்களும் செய்யக்கூடியது ஒன்று உண்டு. சொந்தமாக நாலு ஏக்கர் செம்பனை வைத்திருப்பவராக இருந்தாலும் சரி, சிலிபினில் கடை வைத்திருப்பவராக இருந்தாலும் சரி, எலி மருந்து வாங்கும்போது பெட்டியின் மேல் அச்சிட்டிருக்கும் மருந்தின் பெயரைப் படியுங்கள். புரோடிஃபாகம் என்றோ புரோமாடியோலோன் என்றோ இருந்தால் அதை அங்கேயே வைத்துவிட்டு வேறு வழி கேளுங்கள்.